கல் வைத்த வரிசை

செம்பாக்கம் ஏரிக்குப் பின்னால் ஒரு தெருவில் பூட்டிக் கிடந்த அரிசிக் கடையை ஒரே ஒரு நாளைக்கு இரவல் வாங்கியிருந்தாள் கிருபா. அவளுடைய குறும்படத்தில் அது 1975-ஆம் ஆண்டின் ரேஷன் கடை. நாட்டில் நெருக்கடி நிலை. ஜனங்கள் மண்ணெண்ணெய்க்கு வரிசையில் நிற்கிறார்கள். இல்லை என்றதும் கொதித்தெழுகிறார்கள். அந்தக் கொதிப்பு இல்லாவிட்டால் படமே இல்லை. குறும்படப் போட்டிக்கு அனுப்ப மறுநாள்தான் கடைசி நாள்.

அவள் கற்பனையில் கூட்டம் கடல்போலத் திரண்டிருந்தது. வந்தது நாலு பேர். வருவதாகச் சொன்ன தோழர்கள் முப்பது பேரும் வாட்ஸப்பில் கட்டைவிரல் மட்டும் அனுப்பியிருந்தார்கள்.

"ஆள் இல்லன்னா கல்லு," என்றான் கேமராக்காரன் அக்தர். இடம் பிடிக்க அப்போதெல்லாம் கல்லை வைத்துவிட்டுப் போவார்கள் என்று அவன் அம்மா சொல்லியிருந்தாராம். கல், பை, தகர டப்பா, ஒற்றைச் செருப்பு என்று தெருமுனைவரை வரிசை வைத்துவிட்டு டீ குடிக்கப் போனார்கள்.

திரும்பி வந்தால், ஒவ்வொரு கல்லுக்குப் பின்னாலும் ஓர் ஆள். முதல் ஆள், நைட்டிமேல் துண்டு போட்ட கன்னியம்மா.

"அக்கா, இது ஷூட்டிங். இங்க எதுவும் குடுக்கல."

"குடுக்காமயா இத்தினி பேரு நிக்கிறோம்? நாங்கல்லாம் இன்னா லூசா? நீ போயி கடைசில நில்லும்மா."

அதற்குள் அக்தர் கேமராவைத் தூக்கிவிட்டான்.

"டேய், நைட்டி, ஹெல்மெட் எல்லாம் தெரியுதுடா!"

"பிளாக் அண்ட் ஒயிட்ல போட்டா எல்லாமே சரித்திரம்தான்."

கடைக்காரராக நடித்த டியூஷன் வாத்தியார் டேனியல் ஷட்டரைத் தூக்கி, மனப்பாடம் செய்திருந்த ஒரே வசனத்தைச் சொன்னார்: "இன்று சரக்கு இல்லை. எல்லோரும் போகலாம்."

"இன்னாது, இல்லியா? காலைலேர்ந்து நிக்கிறேன்!" என்றாள் கன்னியம்மா, வந்து பத்து நிமிடம்கூட ஆகாதவள். "பின்பக்கமா யாருக்குய்யா தள்ளிவுட்ட?"

கூட்டம் பொங்கியது. தகர டப்பாக்கள் ஷட்டரில் மோதின. டேனியல் மேசைக்கு அடியில் புகுந்தார்.

"நான் மேத்ஸ் சார்மா!"

"மேத்ஸ் சாருக்கு ரேஷன் கடையில இன்னா வேல?"

கிருபா மெய்மறந்து பார்த்துக்கொண்டிருந்தாள். டேனியல் மூன்றாவது முறை அலறிய பிறகுதான் "கட்" சொன்னாள்.

மதியத்துக்கு வைத்திருந்த எலுமிச்சை சாதப் பொட்டலங்களைப் பங்கிட்டு, நடந்ததைச் சொல்லி, படத்தில் காட்டலாமா என்று கேட்டாள்.

"படமா? மொதல்லயே சொல்றதில்ல?" என்று ஓடிய கன்னியம்மா பூ வைத்துக்கொண்டு வந்தாள். இன்னொரு தடவை எடுத்தார்கள். மொத்தப் புரட்சியும் கேமராவைப் பார்த்துச் சிரித்தது. அக்தர் அதை அழித்துவிட்டு முதலில் எடுத்ததையே வைத்துக்கொண்டான்.

மறுநாள் காலை படத்தை அனுப்பிவிட்டுச் சாவியைத் திருப்பிக் கொடுக்கப் போனாள் கிருபா. கடை வாசலில் பதினொரு கற்கள் வரிசையாக இருந்தன. எதிர்வீட்டு மாடியிலிருந்து கன்னியம்மாவின் குரல் வந்தது:

"இன்னிக்கு இன்னா சாதம்மா?"