தீர்த்தமாடும் அம்மாள்

ஹம்ஸாவின் குரல் மூன்றே நாளில் எட்டு லட்சம் பேர் காதில் விழுந்துவிட்டது. அதில் பாதிப் பேர் ஸ்ரீரங்கத்திலேயே இருக்கிறார்களோ என்று அவளுக்குச் சந்தேகம். காய் வாங்கப் போன இடத்தில்கூட மடக்கினார்கள்.

"இந்தோனேசியா வீடியோல பேசினது நீதானேடி? அந்த அம்மா ஜலத்துல உட்கார்ந்துண்டு தலையில விட்டுக்கறாளே, பாக்கப் பாக்க நேக்கு அழுகையே வந்துடுத்து."

மாமியார் வேதவதிக்குப் பெருமை தாங்கவில்லை. திருப்பாவை கோஷ்டியின் வாட்ஸப் குழுவில் அவரே அனுப்பினார்: "என் மாட்டுப்பெண் பேசினது. கடல் தாண்டியும் தீர்த்தமாடறா பாருங்கோ."

தில்லைநகர் மாடியில் சரத்குமார் நடத்தும் சேனலில் ஹம்ஸாவுக்கு வேலை அதுதான். வெளிநாட்டு வீடியோவை எடுத்து, முதல் காரியமாக அதன் சத்தத்தை வெட்டி எறிவார்கள். பிறகு படத்தைப் பார்த்து அவள் எழுதிப் பேசுவாள். இந்தோனேசியப் பேய் வேஷம், ஆட்டப் போட்டி, தெருவில் போகிறவனைப் பயமுறுத்தும் விளையாட்டு என்று எல்லாம் பேசியாயிற்று. கலங்கல் தண்ணீரில் உட்கார்ந்து கொட்டாங்கச்சியால் மொண்டு தலையில் ஊற்றிக்கொள்ளும் வயதான அம்மாளைப் பார்த்தபோது அவளுக்கு வேறெதுவும் தோன்றவே இல்லை. "பிள்ளைக்காக விரதமிருந்து நீராடும் தாய்" என்று உருகி உருகிப் பேசினாள்.

அன்று காலை இரண்டாம் பாகத்துக்காக அதே அம்மாளின் இன்னொரு வீடியோ வந்தது. எடிட்டிங்குக்குப் புதிதாகச் சேர்ந்திருந்த நஜீமா அதைத் திறந்தாள். சத்தம் இன்னும் வெட்டப்படவில்லை. நஜீமா எட்டு வருஷம் மலேசியாவில் குடித்தனம் செய்தவள். மலாய்ப் பேச்சும் இந்தோனேசியப் பேச்சும் அக்கா தங்கை மாதிரி.

"ஹம்ஸா, இங்க வாங்க. இந்தம்மா என்ன சொல்லுதுன்னு தெரியுமா?"

"பிரார்த்தனைதானே?"

"குளுருதுங்குது. போதும், மேல ஏறிக்கிறேங்குது. கேமராவுக்குப் பின்னாடி ஒருத்தன், இன்னும் ரெண்டு கிஃப்ட் வந்திருக்கு, ஊத்துங்கிறான். இது லைவ்ங்க. பாக்கறவன் காசு கட்டி போன்ல பூப் படம் அனுப்பினா ஒரு தடவை ஊத்தணும். சிங்கம் அனுப்பினா பத்து தடவை."

"எவ்ளோ நேரமா?"

"மூணு மணி நேரமாம். அவனே பெருமையாச் சொல்றான்."

அம்மாளின் உதடு நீலம் பாரித்திருந்தது. தாடை கிடுகிடுவென்று ஆடியது. அந்த ஆட்டத்தைத்தான் ஹம்ஸா "ஓயாத நாம ஜபம்" என்று சொல்லியிருந்தாள்.

டீ கிளாசோடு வந்த சரத்குமார், "என்னம்மா மூஞ்சி இப்படிப் போவுது?" என்றார்.

நஜீமா சொன்னாள். அவர் கண் பளிச்சென்றது.

"அட, இதையே ரெண்டாம் பாகமாப் போட்டுருவோம்! நடுவுல ஒரு எடத்துல அழுதுடுங்க ஹம்ஸா. நெசமா அழுத மாதிரி இருக்கணும்."

"முதல் வீடியோவை எடுத்துடுங்க சார்."

"அது ஓடினாத்தானம்மா இது ஓடும்?"

"நடுங்கறதை ஜபம்னு சொல்லிட்டேன் சார், என் வாயால."

"தெரியாம சொன்னீங்க. இப்பத் தெரிஞ்சு அழுங்க. கணக்கு நேராப் போச்சு." சொல்லிவிட்டு டீயை உறிஞ்சினார். அந்தச் சத்தம் அவள் உடம்பில் நத்தை மாதிரி ஊர்ந்தது.

"வேற ஆளைப் பாத்துக்கங்க சார்."

"போங்க. வீடியோ சேனலோடது, அதை மட்டும் மறந்துடாதீங்க."

பஸ்ஸில் உட்கார்ந்ததும் அந்த வீடியோவுக்குக் கீழே அவளே எழுதினாள்: "இதில் பேசியது நான். நான் சொன்னது பொய். இந்த அம்மா வேண்டிக்கொள்ளவில்லை, குளிரில் நடுங்குகிறார். தயவுசெய்து யாரும் பகிராதீர்கள்."

மாம்பழச்சாலை தாண்டுவதற்குள் போன் டொக் டொக்கென்றது. சரத்குமார் அவள் எழுதியதை எல்லாவற்றுக்கும் மேலே தூக்கி வைத்திருந்தார். பக்கத்தில் சேனலின் பெயரில் ஒரு சிவப்பு இதயம், கூடவே ஒரு பதில்: "முழு உண்மை பாகம் இரண்டில், நாளை மாலை ஆறு மணிக்கு." அதன் கீழே ஆட்கள் குவிந்துகொண்டிருந்தார்கள். "செம ட்விஸ்ட்." "அக்கா சீக்கிரம் போடுங்க." "பாட்டிக்கு எப்படி சிங்கம் அனுப்புறது ப்ரோ?"

அவள் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"வாந்தி வருதாம்மா?" கண்டக்டர் ஜன்னல் கண்ணாடியை அவசரமாகத் தள்ளிவிட்டார். "அந்தப் பக்கம் திரும்பிக்கங்க."

திரும்பினாள்.