இரண்டடி உள்ளே

1
இந்தக் கதை ஒரு பொய்யில் தொடங்கியது. என் மனைவி தர்மினி மிதிவெடியில் இறந்த அன்று, விசாரிக்க வந்தவர்களிடம் ஒன்றும் தெரியாது என்றேன். அதை மறைக்கத்தான் எழுத உட்கார்ந்தேன்.

2
முதல் தொடக்கம்: 'எல்லைக் கட்டையை மாடு தட்டி விழுத்தியிருக்க வேண்டும். தர்மினி விறகு பொறுக்க...'
(அழித்துவிட்டேன். விழுந்த கட்டை எதுவும் இல்லை. எல்லாம் நேராக நின்றன.)

3
நடந்தது இது. முகமாலையில் எங்கள் வீட்டு வளவின் பின்பக்கம் இன்னும் வெடி அகற்றப்படவில்லை. அந்த எல்லையில் சிவப்புத் தலைக் கட்டைகள். அதிகாரி வந்து எடுக்கும் படத்தில் அவை விழுந்தால் அரசாங்க வீட்டுத்திட்டம் கிடைக்காது என்றார்கள். அவர் வருவதற்கு முதல்நாள் ஆறு கட்டைகளையும் பிடுங்கி ஒளித்தேன். அவர் போனபின் திரும்ப நட்டேன். இடையில் மழை பெய்து குழிகள் தூர்ந்திருந்தன.

தர்மினி பார்த்துக்கொண்டு நின்றாள்.

"இஞ்சேருங்கோ, கம்பஸ் படிச்சுப் பட்டம் எடுத்தவைக்கு அளவுநாடா தேவையில்லையோ?"

"எனக்கு இடம் தெரியும்."

இரண்டு கட்டைகளை வெடி நிலத்துக்குள் இரண்டடி உள்ளே நட்டிருக்கிறேன். நாலாம் நாள் அவள் விறகுக்குப் போனாள். கட்டைக்கு இந்தப் பக்கம்தான் நின்றாள். என்னை நம்பி.

4
ஒரு பாத்திரம் எனக்கு இடைஞ்சல். இராசமலரக்கா. மிதிவெடி அகற்றும் குழுவின் தலைவி. கட்டைகளை முதலில் நட்டவர். பிழையாக நட்டார் என்று வேலையிலிருந்து நிறுத்தியிருக்கிறார்கள். அவரைக் கொஞ்சம் கவனக்குறைவானவராக எழுதிப் பார்த்தேன். வாசிக்க நம்பும்படி இருந்தது.

தர்மினியின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு வந்தார். யாரும் முகம் கொடுக்கவில்லை. அவருக்குத் தேத்தண்ணி கொடுக்க வேண்டாம் என்று மாமி சொல்லிவிட்டார். நான் கொண்டுபோனேன்.

"அளந்துதான் நட்டனான், தம்பி. இப்ப என்ர கையையே நம்பேலாமக் கிடக்கு. என்னை மன்னிச்சுக்கொள்ளுங்கோ."

"சரி, அக்கா" என்றேன்.

(இந்த வரியை எத்தனையோ முறை வெட்டினேன். நான் சொன்னது அதுதான்.)

5
திங்கட்கிழமை இராசமலரக்கா மீதான விசாரணை. இரண்டு முடிவுகள் எழுதினேன். ஒன்றில் எழுந்து உண்மையைச் சொல்கிறேன். அதில் நல்லவனாகத் தெரிந்தேன், கிழித்தேன். மற்றதில் பேசாமல் புதுவீட்டுக்குக் குடிபோகிறேன். அதைக் கிழிக்கவில்லை.

முடிவை உங்களிடம் விடுகிறேன் என்று எழுதியிருந்தேன். அதுவும் தப்பும் வழிதான்.

உங்களுக்கு இப்போது தெரியும். இராசமலரக்காவுக்கு இன்னும் தெரியாது.