அறுபத்திரண்டாம் பக்கம்

ஞானஸ்நானம் வேண்டாம் என்று நான் சொன்னது கோபத்தில் இல்லை. படித்துப் பார்த்துவிட்டுத்தான் சொன்னேன்.

நான் பெரிய படிப்பு படித்தவன் இல்லை. நாட்றாம்பாளையத்தில் மூன்றாவது வரைக்கும் போனேன். எழுத்துக்கூட்டித்தான் படிப்பேன், ஒரு பக்கத்துக்கு அரை மணி நேரம் ஆகும். ஆனால் யார் காகிதம் நீட்டினாலும் படிக்காமல் கையெழுத்துப் போட்டதில்லை. ஓசூருக்கு வந்து கூலி வேலை செய்த நாற்பது வருஷமும் அப்படித்தான்.

எங்கள் சபையில் ராஜசேகர் ஐயா பெரிய மனுஷர். இறையியல் கல்லூரியில் வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். மகனுக்கு இங்கே கம்பெனியில் வேலை, அதனால் அவரும் வந்துவிட்டார். வேத விளக்கம், ஜெப வாழ்க்கை, உபவாசம் என்று பதினோரு புத்தகம் எழுதியிருக்கிறார். ஞானஸ்நான வகுப்பு எடுத்ததும் அவர்தான், ஞானஸ்நானம் கொடுக்கப்போவதும் அவர்தான். வகுப்பில் நாங்கள் நான்கு பேர். மற்ற மூன்று பேருக்கு இன்னும் கல்யாணமே ஆகவில்லை. எனக்கு அறுபத்தெட்டு.

கடைசி வகுப்பில் ஆளுக்கொரு புதுப் புத்தகம் கொடுத்தார். இயேசு சொன்ன உவமைகளுக்கு விளக்கம். அச்சாகி அப்போதுதான் வந்திருந்தது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை எங்களுக்கு ஞானஸ்நானம், அன்றைக்கே புத்தகத்துக்கு வெளியீடு.

அறுபத்திரண்டாம் பக்கத்தில் திராட்சைத் தோட்டத்து முதலாளி கதை. விடிகாலையில் போய்க் கூலிக்கு ஆள் கூப்பிடுகிறான். அப்புறம் ஒன்பது மணிக்கு, மத்தியானத்துக்கு, கடைசியாகச் சாயங்காலம் ஐந்து மணிக்கும் போய், நிற்கிறவர்களைக் கூப்பிட்டு, எல்லாருக்கும் ஒரே கூலி கொடுக்கிறான். ஐயா இதற்கு எழுதிய விளக்கம்: ஐந்து மணிக்காரர்கள் பகலையெல்லாம் சோம்பலில் கழித்தவர்கள், வாழ்நாளை வீணடித்துவிட்டு முதிர்வயதில் ஆண்டவரிடம் வருகிறவர்களுக்கு அடையாளம்.

நான்கு தடவை எழுத்துக்கூட்டினேன். எங்கள் வகுப்பில் முதிர்வயதில் வருகிறவன் நான் ஒருத்தன்தான்.

"ஞாயித்துக்கெழம நான் வரல" என்று நஞ்சம்மாவிடம் சொன்னேன். என் பெண்சாதி. பதினாறு வருஷத்துக்கு முன்னாடியே ஞானஸ்நானம் எடுத்தவள். அன்றிலிருந்து எனக்காக ஜெபம் பண்ணுகிறவள்.

"யோவ், ஒரு வரிக்காவ ஆண்டவரையே வேணாங்கிறியா?"

"ஆண்டவர வேணாங்கல. சோம்பேறின்னு எழுதிட்டு எந்தலையில தண்ணி ஊத்தறாரே, அத வேணாங்கறேன்."

"பதினோரு புஸ்தகம் எழுதுனவருக்குத் தெரியாதது உனக்குத் தெரிஞ்சிருச்சாக்கும்?"

"ஜெபத்தப் பத்தி அவருக்குத் தெரியும். கூலிக்கு நிக்கறதப் பத்தி எனக்குத் தெரியும்."

செவ்வாய்க்கிழமை அவர் வீட்டுக்கே போனேன்.

"ஐயா, அஞ்சு மணிக்காரன் சோம்பேறின்னு வேதத்துல எங்க இருக்கு?"

சிரித்தார். "நேரா இல்ல முனிசாமி. ஆனா பகலெல்லாம் சும்மா நின்னாங்கன்னு இருக்குதே."

"ஏன் நிக்கறீங்கன்னு மொதலாளி கேட்டதுக்கு என்னா சொன்னாங்க? யாரும் கூப்பிடலன்னாங்க. அத மட்டும் ஏன் விட்டுட்டீங்க?"

"அது சாக்குப்போக்குன்னு எடுத்துக்கலாம்."

"நாளைக்குக் காலையில ஆறு மணிக்கு என்கூட வாங்க. சாக்கா இல்லையான்னு பாத்துரலாம்."

வரமாட்டார் என்றுதான் நினைத்தேன். வந்துவிட்டார்.

பஸ் ஸ்டாண்டுக்குக் கொஞ்சம் தள்ளி, கூலிக்கு ஆள் நிற்கிற முக்கு. அவர் இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையும் பையில் பேனாவுமாக ஆட்டோவை விட்டு இறங்கினார். இறங்கினதும் இருபது பேர் சுற்றிக்கொண்டார்கள்.

"சார், எத்தன ஆளு?"

"மண்ணு வேலையா, கான்கிரீட்டா சார்?"

"நான் ஆள் எடுக்க வரலப்பா."

"பின்ன எதுக்கு மாப்பிள்ளையாட்டம் வந்து எறங்குன?" என்றாள் மாதேஸ்வரி. நாற்பது வயசு, சித்தாள் வேலைக்குப் போகிறவள். "காலங்காத்தால ஆசயக் காட்டிக் கெடுத்துட்டியே பெரியவரே."

ஐயா என் பக்கத்தில் ஒதுங்கினார்.

மேஸ்திரிகள் பைக்கில், டெம்போவில் வந்தார்கள். ஒருத்தன் "இத்தரு சாலு" என்று தெலுங்கில் சொல்லி இரண்டு விரலைக் காட்டினான். ஆறு பேர் ஏறினார்கள், நாலு பேரை இறக்கிவிட்டான். எட்டு மணிக்குள் வயசுப் பையன்கள் எல்லாம் போய்விட்டார்கள். ஒன்பதரைக்குள் சொந்தமாக மண்வெட்டி, பூச்சு வேலைக்குக் கொலுறு வைத்திருப்பவர்கள் போய்விட்டார்கள். மிச்சம் பெண்கள், கிழடுகள், சாரத்திலிருந்து விழுந்து கால் சாய்ந்துபோன பெரியதம்பி.

வெயில் ஏறியது. ஐயா சாக்கடை மேடையில் உட்கார்ந்தார். உட்கார்ந்தது அவர் ஒருத்தர்தான்.

"இவங்க ஏன் உட்காராம நிக்கறாங்க?"

"உக்காந்தா தெம்பில்லன்னு மேஸ்திரி வண்டியே நிறுத்தமாட்டான்" என்றேன். "நிக்கறதுதாங்க இங்க வேல."

கொஞ்ச நேரம் பெரியதம்பியின் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து நின்றுகொண்டார்.

பதினோரு மணிக்கு மாதேஸ்வரியிடம், "வீட்டுக்குப் போகக்கூடாதாம்மா?" என்று கேட்டார்.

"மூணு மணிக்குக் கூட கான்கிரீட்டுக்கு ஆளு பத்தலன்னு ஓடியாருவாங்க. அப்ப நான் வூட்ல தூங்கிட்டிருந்தா? அது கெடக்கட்டும், நீ என்னா வேல பாக்கற?"

"புத்தகம் எழுதறேன்."

"எழுதுன்னு யாராச்சும் வந்து கூப்புடுவாங்களா?"

"கூப்பிடமாட்டாங்க."

"அப்ப நீயும் நம்ம ஆளுதான். தள்ளி நில்லு, வண்டி வருது."

ஒரு மணி வரைக்கும் நின்றார். என்னிடம் ஒன்றும் சொல்லாமல் ஆட்டோ ஏறிப் போனார். நானும் கேட்கவில்லை. தப்பென்று தெரிந்தாலும் ஒத்துக்கொள்ளாத படித்தவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் ஆள் விட்டுக் கூப்பிட்டார். போனால், கூடம் முழுக்கப் புத்தகக் கட்டு, முந்நூறு பிரதி. மேஜைமேல் கம்ப்யூட்டர் சென்டரில் அடித்த துண்டுச் சீட்டுகள். அறுபத்திரண்டாம் பக்கத்தில் ஒட்டுவதற்கு.

"உனக்குத் திருப்திதானே?" என்றார்.

"இருங்க. படிச்சுட்டுச் சொல்றேன்."

படித்தேன். 'ஐந்து மணி ஆட்களைச் சோம்பேறிகள் என்று எழுதியது என் பிழை. அவர்கள் காலையிலிருந்து காத்து நின்றவர்கள், யாரும் கூப்பிடாதவர்கள். பரிதாபத்திற்குரிய அவர்கள்மேல் எஜமான் இரங்கினான்.' அவ்வளவுதான் இருந்தது.

"பரிதாபத்த எடுங்க."

"அன்பாத்தானேப்பா எழுதியிருக்கேன்."

"பரிதாபப்பட்ட மேஸ்திரி எவனும் எங்கள வண்டியில ஏத்தலீங்க. இந்த மொதலாளி வேலைக்குக் கூப்பிட்டான். ஒரு மணி நேரமானாலும் இவங்க போயி தோட்டத்துல குனிஞ்சு வேல செஞ்சாங்க. அது பிச்ச இல்ல."

பதினோரு புத்தகம் எழுதின மனுஷரிடம் அப்படிச் சொன்னது எனக்கே கொஞ்சம் அதிகமாகத்தான் பட்டது. ஆனால் வாபஸ் வாங்கவில்லை.

"முந்நூறும் அடிச்சாச்சே முனிசாமி."

"பேனா இருக்குதில்ல?"

உட்கார்ந்தோம். அவர் கடைசி வரியை அடித்து, 'எஜமான் அவர்களை வேலைக்கு அழைத்தான்' என்று கையால் எழுதித் தள்ளினார். நான் பசை தடவி ஒட்டினேன். ஒவ்வொன்றையும் பார்த்துவிட்டுத்தான் ஒட்டினேன். இரண்டு சீட்டில் பழைய வரியை அடிக்காமல் விட்டிருந்தார், திருப்பிக் கொடுத்தேன். "நீ என் மாணவனா, பரிசோதகனா?" என்று கேட்டார். அடுத்த சீட்டுக்குக் கையை நீட்டினேன்.

கட்டு தீர்ந்ததும், "ஞாயித்துக்கெழம எத்தன மணிக்கு வரணுங்க?" என்று கேட்டேன்.

பேனாவை மூடிவிட்டு நிமிர்ந்தார். "ஆராதனை எட்டரைக்கு."

"ஏழரைக்கே வந்து நிக்கறேன்" என்றேன்.