லேத்தை விற்று வாங்கிய தடை

என் வீட்டுக்காரர் வாயில்லாப் பூச்சி. பாதி வாழ்க்கை லேத் பட்டறையில் இரும்பு கடையும் சத்தத்திலேயே போனதால், வீட்டில் பேச்செல்லாம் நான்தான். அன்றைக்கும் நான்தான் பேசினேன். அதுதான் எங்களுக்கு வந்த வினை.

வீட்டை அடமானம் வைத்து வாங்கிய பட்டறைக் கடனில் தவணை தவறியதும், வீட்டைப் பூட்டி ஏலம் விடப்போவதாக வங்கி நோட்டீஸ் ஒட்டியது. வக்கீல் கோர்ட்டில் தடை வாங்கிக் கொடுத்தார். வெறும் தடை இல்லை, வால் வைத்த தடை: நான்கு வாரத்துக்குள் பாக்கியில் கால் பங்கைக் கட்ட வேண்டும், இல்லாவிட்டால் தடை தானாகச் செத்துப்போகும்.

என் நகை, அண்ணன் கொடுத்தது எல்லாம் சேர்த்தும் பாதிகூட எட்டவில்லை.

"லேத்தை வித்துடுங்க," என்றேன். "வீடு நின்னா கூலிக்குப் போயாவது பொழைச்சுக்கலாம்."

அவர் லேத்தைத் துணியால் துடைத்துக்கொண்டே இருந்தார். "அது போனா நான் என்னம்மா செய்வேன்?"

"தலைக்கு மேல வெள்ளம் போயாச்சு. இன்னும் சாணா முழமான்னு அளந்துகிட்டு நிக்கிறீங்களே!"

மறுநாளே விற்றார். கெடுவுக்கு இரண்டு நாள் முன்பே பணத்தைக் கட்டினோம். ஒரு வருஷமாக வராத தூக்கம் அன்று எனக்கு வந்தது.

அடுத்த வாய்தாவில் வங்கி வக்கீல் ஒரு பட்டியலை நீட்டினார். கடன் வாங்கிய அன்று நாங்கள் கையெழுத்துப் போட்டது. வீட்டோடு லேத்தும் ஈடு என்று அதில் இருந்தது. பட்டறையைப் பார்க்க வந்த வங்கி ஆள் வெறும் தரையைப் போட்டோ எடுத்திருந்தார். ஈட்டுப் பொருளை வங்கியைக் கேட்காமல் விற்றது ஏமாற்று வேலையாம். எங்கள் இருவரில் ஒருவராவது அதைப் படித்திருக்கலாம். கையெழுத்துப் போடும்போது, பேனா நன்றாக எழுதுகிறது என்று என் வீட்டுக்காரர் சொன்னதுதான் எனக்கு ஞாபகம்.

"உங்களுக்குக் கட்டத்தானேய்யா வித்தோம்!" என்று எழுந்து கத்தினேன். எங்கள் வக்கீல் என்னைப் பிடித்து உட்காரவைத்தார்.

"யார் சொல்லி வித்தீங்க?" என்று நீதிபதி என் வீட்டுக்காரரைக் கேட்டார்.

அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. "நானாத்தாங்க."

தடை ரத்து. கட்டிய பணம் வட்டிக்கே சரியாகப் போனது.

"மேல்முறையீடு போகலாம்," என்றார் எங்கள் வக்கீல். "அதுக்கும் முன்பணம் கட்டணும்."

என் நாக்கைத்தான் விற்க வேண்டும்.

பூட்ட வந்தார்கள். பாத்திரம், மெத்தை, தையல் மிஷின் எல்லாம் தெருவுக்கு வந்தன. அதிகாரி வாசல் கதவை இழுத்தார், மூடவில்லை. கீல் தளர்ந்து தொங்கிப்போன கதவு. சரிபண்ணுங்கள் என்று வருஷக்கணக்கில் நான் கத்தியும், நாளைக்கு நாளைக்கு என்று அவர் தள்ளிக்கொண்டே வந்தது. இரண்டு பேர் முட்டியும் தாழ்ப்பாள் சேரவில்லை. இப்படியே விட்டுவிட்டுப் போய்விட மாட்டார்களா என்று எனக்குப் பைத்தியம்போல ஓர் ஆசை.

என் வீட்டுக்காரர் படியேறிப் போனார்.

"கொஞ்சம் மேல தூக்கி இழுக்கணும் சார்," என்று சொல்லி, தானே தூக்கி இழுத்தார். கதவு மூடிக்கொண்டது.