தலைப்பக்கம்

அப்பாவைக் கட்டிலிலிருந்து கூடத்துப் பெஞ்சுக்கு மாற்றியபோது இருந்தவர்கள்: மூத்தவன், அவன் மனைவி, அத்தை, மாடிவீட்டு டெய்லர், அப்போதுதான் வந்திறங்கிய சின்னவன், அவனோடு ஜீப்பில் வந்த இரண்டு சிப்பாய்கள். தூக்கியது சின்னவனும் சிப்பாய்களும். மூத்தவன் சுவரோடு ஒதுங்கி நின்றான்.

சின்னவன் ராணுவத்தின் அதிரடிப் பிரிவில் இருக்கிறான். குண்டு வெடித்தாலும் வெள்ளம் வந்தாலும் முதலில் போய் இறங்குகிறவர்கள். இடிபாடுகளிலிருந்து ஆளை எடுத்துப் பழகிய கை. அப்பாவின் கழுத்தை அசையாமல் ஏந்தியவன், பழக்க தோஷத்தில் குனிந்து சொன்னான்: "ஐயா, இப்ப தூக்கப்போறோம். பயப்படாதீங்க."

சொன்ன பிறகுதான் உறைத்தது, கேட்க அப்பா உயிரோடு இல்லை என்று. உதட்டைக் கடித்துக்கொண்டான். டெய்லர் கண்ணைத் துடைத்தார். அத்தை மூத்தவன் பக்கம் திரும்பி, "பாத்தியா, பூ மாதிரி எடுத்தான். நீ மூட்டை தூக்கற மாதிரில்ல தூக்குவே," என்றாள்.

மூத்தவனுக்கு வயிறு எரிந்தது. அப்பா படுக்கையில் விழுந்த நாளிலிருந்து அந்த உடம்பைப் புரட்டித் துடைத்தவன் அவன். ஒருநாள்கூடச் சொல்லிவிட்டுத் தூக்கியதில்லை. அப்பாவும் அவன் முகத்தைப் பார்த்து, சின்னவன் எப்போது வருவான் என்றுதான் கேட்பார். சாயங்காலம் சுடுகாட்டு வண்டியில் ஏற்றும்போது தலைப்பக்கம் சின்னவன் பிடிப்பான் என்பதும் இவனைக் கேட்காமலே முடிவாகியிருந்தது.

சின்னவனின் போன் அடித்தது. எங்கோ அணை உடைந்திருக்கிறது, பிரிவு கிளம்புகிறது. சாவு வீடு என்பதால் அவன் வரத் தேவையில்லை, அவன் இஷ்டம் என்றாராம் அதிகாரி. சிப்பாய்கள் ஜீப்புக்கு ஓடினார்கள்.

"நான் இருந்துடறேண்ணே. இனிமே அப்பாவுக்கு நான் என்ன செய்யப்போறேன்?"

மூத்தவன் அப்பாவின் போர்வையை இழுத்துச் சரிசெய்தான். "அங்க உயிரோட இருக்கறவங்க மாட்டிக்கிட்டிருக்காங்கடா. நீ போ. இங்க நான் இருக்கேன்."

"நிஜமாத்தான் சொல்றியா?"

"எப்பவும் நான்தானே இருக்கேன்."

சின்னவன் அவனைக் கட்டிக்கொண்டு அழுதான். பெரிய மனசு என்றார் டெய்லர். மனைவி மட்டும் மூத்தவனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வாசலில் உட்கார்ந்து பூட்ஸ் கயிற்றைக் கட்ட சின்னவனுக்கு வெகுநேரமாயிற்று. பிறகு படியிறங்கினான். பாதிப் படியில் பூட்ஸ் சத்தம் நின்றது.

அது திரும்பி மேலே ஏறுவதற்குள் மூத்தவன் கதவைச் சாத்தி, சாவியைத் திருப்பினான்.