சைதூன் பீவி பேரில் ஒரு தமுக்கு

தென்காசி முன்சீப் கோர்ட்டில் நீதிபதி பேசி முடித்ததும் எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. எங்கள் குற்றாலத்து வீடு இனி ஏலம் போகாது! வட்டியில் பாதி தள்ளுபடி. மிச்சத்தை மாதத் தவணையாகக் கட்டலாம். ஒரு தவணை தவறினாலும் வீடு மறுபடி ஏலத்துக்கு வரும். கடன் கொடுத்த சங்கத்தின் வக்கீலும் தலையாட்டிவிட்டார். மச்சினனிடம் கைமாற்றாக வாங்கி வந்ததை முதல் தவணையாகக் கட்டிவிட்டு வெளியே ஓடிவந்தேன். "ஏளா, தப்பிச்சோம்ளா!" என்று என் வீட்டுக்காரி சைதூனைப் பார்த்துக் கத்தினேன். கோர்ட்டு வாசலில் நின்றவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். பார்க்கட்டுமே!

சீசனுக்கு வருகிறவர்களுக்கு வாடகைக்கு விடத்தான் அவள் பேரில் கடன் வாங்கி அந்த வீட்டைக் கட்டினோம். கட்டிய நேரமோ என்னவோ, இரண்டு வருஷமாகச் சாரல் ஏமாற்றிவிட்டது. இந்த ஆனியில் அருவி கொட்டோ கொட்டென்று கொட்டுகிறது. ஆனால் போன வாரம் ஏலத்துக்குத் தமுக்கு அடித்துப் போனதிலிருந்து ஒரு ஈ காக்கை எங்கள் வாசலை மிதிக்கவில்லை. ஏலம் போகிற வீட்டில் முன்பணம் கொடுத்து எவன் தங்குவான்?

சைதூன் சிரிக்கவில்லை. அன்றைக்குத் தமுக்கு அடித்த பேச்சிமுத்து கோர்ட்டு வாசலிலேயே டீ குடித்துக்கொண்டிருந்தான். நேரே அவனிடம் போனாள்.

"அண்ணே, ஏலம் நின்னு போச்சுன்னு அதே தெருவுல அடிக்கணும்."

"யக்கா, ஏலம் போடத்தான் கோர்ட்டுல தமுக்கு. நின்னதுக்கெல்லாம் கிடையாது. நானா கோர்ட்டு பேரச் சொல்லி அடிச்சா எம் பொழப்பு போயிரும்."

"கோர்ட்டு பேரு எதுக்கு? எம் பேரச் சொல்லி அடிங்க. கூலி நான் தாரேன்."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "கூறுகெட்டவளே! நம்ம வீட்டுப் பொம்பள பேரத் தெருவுல கூவுததா? நாலு பேரு என்ன சொல்லுவாவ?"

முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டாள். "அன்னைக்குக் கூவுனது யாரு பேரு மச்சான்? நீங்க கதவச் சாத்திட்டு உள்ள போயிட்டீங்க. நான் நின்னு கேட்டேன்."

பேச்சிமுத்துவையும் கூட்டிக்கொண்டு பஸ்ஸில் குற்றாலம் வந்து இறங்கினோம்.

சாரலில் தமுக்கின் தோல் தொய்ந்துவிட்டது. தெருமுனை டீக்கடை அடுப்பில் அதைக் காட்டிக் காட்டிப் பேச்சிமுத்து முறுக்கேற்றினான். பிறகு டண்டண் என்று அடித்துவிட்டு, கோர்ட்டு அமீனா யாராவது கேட்டுவிடுவாரோ என்று பயந்தவன்போல முணுமுணுத்தான்: "சைதூன் பீவி வீடு ஏலம் போகல..."

எனக்கு எங்கிருந்துதான் ஆத்திரம் வந்ததோ! "அன்னைக்கு இப்படியாவே சொன்னீரு?" என்று அவன் முன்னால் போய் நின்றேன். "சைதூன் பீவி வீடு ஏலம் போகல! சைதூன் பீவி வீட்டுல சீசனுக்கு ரூம் இருக்கு!" ஊரே கேட்கக் கத்தினேன். கல்யாணமான நாளிலிருந்து அவள் பேரை நான் தெருவில் வைத்துச் சொன்னதே இல்லை. பேச்சிமுத்து சிரித்துக்கொண்டே தமுக்கை வெளுத்து வாங்கினான்.

அருவியில் குளித்துவிட்டு ஈரத்துண்டும் எண்ணெய்க் கிண்ணமுமாக வந்த ஒரு குடும்பம் நின்றது. "சைதூன் பீவி வீடு எது?" என்றார் பெரியவர்.

கையைக் காட்டினேன். அங்கே அவள், மழையில் ஊறி இறுகிப்போன முன்கதவைத் தோள்கொடுத்துத் தள்ளிக்கொண்டிருந்தாள்.