பழவேற்காட்டு மடவை

ஆலை எண்ணெய் ஆற்றில் கலந்ததிலிருந்து, முகத்துவாரக் குப்பத்து மீன்கள் விடிந்ததும் குழாயடிக்கு வந்து வரிசையில் நிற்கும். குளித்த பிறகுதான் கூடையில் ஏறும். ஆலைக்காரர் ஒருவரும் அந்த வரிசையில் நின்றதில்லை. எண்ணெய் அவர்கள்மேல் ஒட்டவில்லை போலும்.

தேசம்மாவுக்கு அன்று கிடைத்தது ஒரே ஒரு மடவை. நல்ல கொழுத்த மீன், வாய்தான் ஓயாது.

"செவுளாண்ட நல்லா தேயிக்கா. பிசுபிசுன்னு கீது."

"தேச்சினுதான கீறேன். ஆடாம நில்லு," என்றாள் தேசம்மா. சீயக்காய் போட்டு, தேங்காய் நாரால் தேய்த்து, முந்தானையால் துடைத்துக் கூடையில் வைத்தாள்.

அவளிடம் வாடிக்கையாக மீன் வாங்கிய வீடுகளெல்லாம் வாடை அடிக்கிறது என்று கதவைச் சாத்திவிட்டன. மிச்சம் இருந்தது பாலத்துக்கு அப்பால் எழிலரசி டீச்சர் வீடு ஒன்றுதான். அதுவும் போனால் கூடையைக் கவிழ்த்துவிட்டு வீட்டில் உட்கார வேண்டியதுதான்.

பாலத்தில் போகும்போது மடவை கூடைத் துணியை விலக்கி எட்டிப் பார்த்தது. "இம்மாந்தூரம் நான் வந்ததே இல்லக்கா," என்றது.

டீச்சர் மூக்கைச் சுளித்தார். "எந்த ஊர் மீன்மா? உங்க ஆத்து மீன்னா வேணாம்."

"பழவேற்காடும்மா," என்றாள் தேசம்மா, வாய் கூசாமல்.

டீச்சர் குனிந்து மடவையிடமே கேட்டார். "நிஜமாவா?"

பழவேற்காட்டைக் கண்ணால்கூடக் கண்டிராத மடவை டீச்சரை நேராகப் பார்த்தது.

"ஆமாம்மா. பழவேற்காடுதான். நல்ல தண்ணி."

பிறகு தேசம்மாவை, முன்பின் தெரியாதவளைப் பார்ப்பதுபோல் பார்த்தது. டீச்சர் தட்டு கொண்டுவந்தார். மடவை தானே ஏறிப் படுத்துக்கொண்டது.

திரும்பும் வழியெல்லாம் தேசம்மாவுக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது. தான் சொன்ன பொய்கூடப் போகட்டும். குழம்புக்குப் போகிற மீன் தனக்காகப் பொய் சொன்னதே, அந்த வெட்கத்தைத்தான் தாங்க முடியவில்லை. அன்று அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

மறுநாள் விடிந்ததும் குழாயடிக்குப் போனாள். மீன்கள் முன்பே வந்திருந்தன. நாரும் சீயக்காயும் முன்னால் நின்ற கெளுத்தியிடம் இருந்தன.

"உக்காருக்கா," என்றது கெளுத்தி. "நாக்க நீட்டு."

நீட்டினாள். நுனியிலிருந்து அடிவரை கறுப்பாக, பிசுபிசுவென்று இருந்தது. கெளுத்தி நாரை நனைத்துத் தேய்க்கத் தொடங்கியது.

அவளுக்குப் பின்னால் குப்பத்துப் பெண்கள் எல்லோரும் நாக்கை நீட்டியபடி வரிசையில் நின்றார்கள்.